‘பட்’ என்றதோடு நின்ற பாட்டு

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: இது நான் தேடிப்போன கதை இல்லை. ஞாயிற்றுக்கிழமை திருப்பதியிலிருந்து சத்தியவேட்டுக்கு, அண்ணன் வீட்டில் மீன்குழம்பு சாப்பிடத்தான் போனேன். அடுப்படியில் அண்ணி சிவசங்கரி ஏதோ ஆங்கிலப் பாட்டை முனகிக்கொண்டிருந்தாள். ஓர் இடத்தில் நிறுத்தினாள். மறுபடி முதலிலிருந்து தொடங்கினாள்.

“மீதியையும் பாடுங்க அண்ணி.”

“தெரிஞ்சா பாடமாட்டனா? நானே அதுக்குத்தான் அல்லாடிக்கினு கீறேன்.”

2

இங்கிலாந்தின் வடகடலோரத்தில், மழை விடாத ஒரு சின்ன ஊரில், நான்கு இளைஞர்கள்…

[வேண்டாம். அந்த மழையை நான் கண்டேனா?]

2, மறுபடி

சிவசங்கரிக்கு ஸ்ரீ சிட்டி தொழிற்பேட்டையில் ஸ்பீக்கர் செய்யும் கம்பெனியில் வேலை. கண்ணாடி அறைக்குள் உட்கார்ந்து, லைனில் வரும் ஒவ்வொரு ஸ்பீக்கரிலும் ஒரு துண்டுப் பாட்டை ஓடவிட்டு, இரைச்சல் இருக்கிறதா என்று கேட்க வேண்டும். கிடார், டிரம்ஸ், ஒரு பெண் குரல். ‘ஐ வில் கம், பட்’ என்பாள் அந்தப் பெண். அதோடு சரி. அடுத்த ஸ்பீக்கர். மூன்று வருஷமாக இதே கதை.

“வரேன், ஆனான்றா. ஆனா இன்னா? புருஷன் வுடமாட்டானா? பஸ்ஸு இல்லியா? சொல்லித் தொலையாம போயிடறா தம்பி!”

சூப்பர்வைசர் கங்கையா போன வாரம் சொல்லிவிட்டார்: “சோமவாரம் நுஞ்சி பீப் மாத்ரமே அம்மா.” திங்கள் முதல் பாட்டு கிடையாது, வெறும் பீப். அண்ணிக்குத் தூக்கிவாரிப் போட்டது. மீதியைக் கேட்காமல் அந்தப் பாட்டை விடுவதில்லை என்று ஒரே பிடிவாதம்.

3

கங்கையாவிடமே கெஞ்சி அந்த ஃபைலின் பெயரை வாங்கிவந்திருந்தாள். அது ஓர் இசைக்குழுவின் பெயர்: ‘தி வெட் பெஞ்சஸ்’. போனில் துழாவித் துழாவி நாங்கள் கண்டெடுத்த வரலாறு கொஞ்சம்தான். நான்கு பேர். சாராயக்கடை மாடியில் ஒத்திகை. கேட்பவர்களைவிட மேடையில் ஆள் அதிகமாக இருந்த கச்சேரிகள். ஒரு சண்டை. அவ்வளவுதான், கலைந்துவிட்டார்கள். பேஸ் கிடார் வாசித்த காலின்* இப்போது கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கிறார். அவருடைய நம்பர் கிடைத்தது.

அண்ணி சொல்லச் சொல்ல நான் ஆங்கிலத்தில் வாட்ஸ்அப் அனுப்பினேன்: ‘பட்’டுக்கு அப்புறம் என்ன?

* கதையில் இவருக்கு முதலில் கண்ணாடி போட்டிருந்தேன். அண்ணி போட்டோவைக் காட்டியதும் கழற்றிவிட்டேன்.

4

சாயங்காலமே பதில் வந்துவிட்டது. அப்புறம் ஒன்றும் இல்லையாம். அந்த வரியை எப்படி முடிப்பது என்பதில்தான் சண்டையே. பாடிய ரூத் கோபித்துக்கொண்டு எழுந்துபோனாள். பிறகு நால்வரும் பேசிக்கொள்ளவில்லை. பாதியில் நின்ற துண்டை யாரோ ஸ்பீக்கர் சோதனைக்குக் கொடுத்துவிட்டார்கள். ‘எங்களைவிட நீங்கள்தான் அதை அதிகம் கேட்டிருப்பீர்கள். உங்களுக்கு என்ன தோன்றுகிறது?’

அண்ணியின் முகம் சுண்டிப்போயிற்று.

“இல்லாத பாட்டுக்கா தம்பி மூணு வருசமா காத்துக்கினு இருந்தேன்?”

எனக்கே பாவமாகிவிட்டது.

5

அன்றிரவே இதைக் கதையாக எழுதி, முடிவை அண்ணிக்குப் படித்துக் காட்டினேன்.

முடிவு (அ): அண்ணி வரியை முடித்துப் பாடி அனுப்புகிறாள். பிரிந்த நால்வரும் கூடிக் கட்டிப்பிடித்து அழுகிறார்கள்.

“சினிமாவா இது? அவங்க சண்டைய நான் ஏன் தீக்கணும்?”

முடிவு (ஆ): திங்கட்கிழமை, முதல் பீப்பைக் கேட்டதும் அவள் கண்களில்…

“நான் அழமாட்டேன். அடி அத.”

அடித்துவிட்டேன்.

6

திங்கள் சாயங்காலம் போன் வந்தது. கம்பெனி பஸ்ஸில் அண்ணி விஷயத்தைச் சொல்லப்போக, ஆளுக்கொரு முடிவாம். பக்கத்து சீட் ஹரிதா ‘வரேன், ஆனா’வைத் தெலுங்கில் போட்டு, “வஸ்தானு, கானி எங்க நைனாகிட்ட நீதான் கேக்கணும்” என்றாளாம். பின்சீட்டில் ஒருத்தி, “வரேன், ஆனா திரும்பிப் போகமாட்டேன்” என்றாளாம். சத்தியவேடு வரும்வரை ஒரே கூச்சல்.

“அந்தக் கத்தல்ல எனக்கு வந்துடுச்சி தம்பி. மொத்தமா, ராகத்தோட.”

“பாடுங்க!”

“மாட்டேன். அந்தாளுக்கு எழுது: முடிச்சிட்டேன், சொல்லமாட்டேன். நாலு பேரும் ஒண்ணா ஒக்காந்து கூப்ட்டா பாடறேன்.”

எழுதி அனுப்பினேன். காலின் படித்துவிட்டார், நீல டிக் விழுந்தது. பதில் இன்னும் வரவில்லை. எனக்காவது சொல்லுங்கள், கதைக்கு முடிவு வேண்டுமே என்று கெஞ்சிப் பார்த்தேன்.

“நீ அந்த நாலு பேர்ல ஒருத்தனா?” என்று கேட்டுப் போனை வைத்துவிட்டாள்.

உங்களுக்கும் ஒரு வரி தோன்றியிருக்கும். வைத்துக்கொள்ளுங்கள். அண்ணியிடம் மட்டும் காட்டிவிடாதீர்கள், அடித்துவிடச் சொல்வாள்.