ஒரே தடவை கேட்ட பெண்

காமிராவோடு வருகிறவர்களை ஆர்வில் நம்பியதில்லை. தம்பி மகளே ஆனாலும் அப்படித்தான். ஜோலீன் கலிஃபோர்னியாவிலிருந்து மினசோட்டாவுக்கு வந்து ஒரு வாரமாக ஊரைப் படம் பிடித்துக்கொண்டிருந்தாள். மளிகைக்கடை, தேவாலய விருந்து, வாசலில் பனி வாருகிறவன், எல்லாவற்றையும். குடும்பக் கதையை ஆவணப்படமாக எடுக்கிறாளாம். எவனோ உருளைக்கிழங்கு வாங்குவதை எவன் உட்கார்ந்து பார்ப்பான் என்று ஆர்விலுக்கு விளங்கவில்லை.

ஆனால் ஒன்று உறுத்தியது. தங்கை ஆர்லிஸ் காமிரா முன்னால் உட்கார்ந்து, "பெரிய அண்ணன்தான் லைலைப் பண்ணையை விட்டு விரட்டிட்டான்" என்று சொல்லித் தொலைத்திருந்தாள். லைல்தான் ஜோலீனின் அப்பா. அவன் போய்ச் சேர்ந்துவிட்டான். உள்ளதைச் சொல்ல இனி ஆர்வில் ஒருத்தர்தான். அதனால் அன்று காலை சவரம் செய்து, இஸ்திரி போட்ட சட்டையோடு சமையலறை மேசையில் காத்திருந்தார்.

ஜோலீன் வந்தாள். காபி குடித்தாள்.

"பெரியப்பா, உங்களையும் பேசவெச்சு எடுக்கட்டுமா?"

"அதெல்லாம் எதுக்கும்மா. என் மூஞ்சிய எவன் பாப்பான்."

"சரி பெரியப்பா. இஷ்டமில்லாதவங்கள நான் தொந்தரவு பண்றதில்ல."

காமிராவைப் பையில் போட்டு ஜிப்பை இழுத்துவிட்டாள்.

ஆர்விலுக்குத் தூக்கிவாரிப்போட்டது. அந்த ஊரில் ஒரு துண்டு கேக் கொடுப்பதென்றாலும் மூன்று தடவை கேட்பார்கள். முதல் இரண்டு 'வேண்டாம்' மரியாதைக்கு. மூன்றாவதுதான் பதில். இவளோ ஒரே தடவையில் கடையைக் கட்டிவிட்டாள்.

அவள் காரைக் கிளப்பும்போது வீட்டுச் செருப்போடு பனியில் இறங்கிப் போய்க் கண்ணாடியைத் தட்டினார்.

"ஏம்மா, மறுபடி கேக்க மாட்டியா?"

"நீங்கதான் வேண்டாம்னீங்களே!"

"ஒரு தடவதானே சொன்னேன்! உங்கப்பன் உனக்கு ஒண்ணுமே சொல்லிக்குடுக்கலியா?"

ஜோலீன் அவரையே பார்த்தாள். "இன்னும் ஒரு துண்டு இறைச்சி வைக்கட்டுமான்னு அம்மா கேப்பாங்க. அப்பா வேண்டாம்பாரு. அம்மா தட்ட எடுத்துட்டுப் போயிருவாங்க. அப்பா முழிச்சிட்டு உக்காந்திருப்பாரு. வயித்துல கோளாறுன்னு டாக்டர்கிட்டகூட கூட்டிட்டுப் போனோம்."

"வயித்துல ஒரு கோளாறும் இல்ல. பட்டினிடி அது!"

அவளுக்குச் சிரிப்பு வந்தது, கண்ணிலும் தண்ணீர். இறங்கி உள்ளே வந்தாள். காமிராவை ஓடவிட்டுவிட்டுத்தான் கேட்டாள்.

"பேசுறீங்களா பெரியப்பா?"

"எனக்கென்ன தெரியும்?"

"தெரிஞ்சத சொல்லுங்க."

"வேற ஆளப் பாரு போ."

"எனக்காக, பெரியப்பா."

"சரி, இவ்வளவு வற்புறுத்துற." நாற்காலியை முன்னால் இழுத்துக்கொண்டார். "அவன யாரும் விரட்டல. மாட்டுச்சாணி நாத்தம் லைலுக்கு ஆகாது. பால் கறக்கப் போனா வாந்தி எடுப்பான். பண்ணைக்காரன் மகன் அத வெளிய சொல்ல முடியுமா? 'அண்ணன் விரட்டிட்டான்னு சொல்லிட்டுப் போடா'ன்னு நான்தான் சொல்லி அனுப்பினேன். ஆர்லிஸ் இன்னிவரைக்கும் அத நம்பிட்டுக் கிடக்கா. எழுதிக்கோ, இல்ல என்னவோ பண்ணுவியே, அதப் பண்ணிக்கோ."