சிவப்புக் குதிரை

மிஸ்தோவுக்குப் பாட வராது. ஆனால் பாடாமல் இருக்கவும் வராது. குர்து நாட்டில், வான் என்ற ஏரிக்கு மேலே, கோடை மேய்ச்சல் மலையில் பால் கறக்கும் நேரம் அது. அவன் ஆட்டின் கழுத்தை இடுக்கிக்கொண்டு நிற்க, மனைவி பெரிஹான் குந்தியிருந்து கறந்துகொண்டிருந்தாள். முந்தின நாள் ஒரு கல்யாணத்தில் பாடகன் காதில் கை வைத்துப் பாடிய பாட்டைத்தான் மிஸ்தோ பாடிப் பார்த்துக்கொண்டிருந்தான். வராத காதலனுக்காகக் காத்துக் கிடந்த ஒருத்தியின் பாட்டு. அவள் யாரென்று எந்தப் பாடகனும் சொல்ல மாட்டான். சொன்னால் ஒரு குடும்பத்தின் மானமே சந்தி சிரித்துப் போகும்.

"பாவம், யாரு பெத்த புள்ளையோ," என்றான் மிஸ்தோ. "நேத்து எனக்கு அழுகையே வந்துடுச்சு புள்ள. அந்தப் பய மட்டும் என் கையில கெடச்சான்..."

பெரிஹான் நிமிரவில்லை. நேற்று ஆண்கள் தொடையைத் தட்டி 'ஆகா, ஆகா' என்றபோது, யாரோ தன் முக்காட்டை உருவிவிட்ட மாதிரி அவள் பெண்கள் நடுவில் உட்கார்ந்திருந்தாள். தன் கல்யாணத்துக்கு முன்னால், ஓடையில் கம்பளி அலசும்போது அவளே தனக்குத்தானே பாடி அழுத பாட்டு அது. எவளோ கேட்டு, எவளிடமோ பாடிக்காட்டி, கடைசியில் பாடகர்கள் வாய்க்குப் போய்விட்டது. அவள் காத்திருந்த உப்பு வியாபாரியை அவர்கள் பாட்டில் ஒரு குலத்தலைவன் மகனாகவே ஆக்கிவிட்டார்கள்.

மிஸ்தோ அடுத்த ஆட்டைப் பிடித்தான். கண்ணை மூடிக்கொண்டு பாட்டை இழுத்தான். "செவப்புக் குதிரையில வருவேன்னியே..."

"குதிரை இல்ல," என்றாள் பெரிஹான். "காது கிழிஞ்ச கோவேறு கழுதை."

சொன்ன பிறகுதான் சொன்னது அவளுக்கே உறைத்தது. மிஸ்தோ சிரிக்க வாய் திறந்தான். சிரிப்பு பாதியில் நின்றது. அந்தக் கழுதையை எந்தப் பாடகனும் பாடியதில்லை.

அவளுக்கு உடம்பெல்லாம் கூசியது. தான் எவனையோ நினைத்திருந்ததைக்கூடத் தாங்கிக்கொள்ளலாம். இந்த மனுஷன் ஒன்றும் தெரியாமல், தன் பெண்டாட்டி இன்னொருத்தனுக்காக அழுத பாட்டுக்கு ஊர் பார்க்க அழுதானே! அதை நினைத்தால்தான் அப்படியே மண்ணுக்குள் போய்விடலாம் போலிருந்தது.

"வந்தானா?" என்று கேட்டான் மிஸ்தோ.

"வரல."

ஆடு காலை உதறியது. பாட்டு நின்றதும் அது பாலை அடக்கிக்கொண்டது.

"சத்தம் கேக்காம இது பால் விடாது," என்றான் மிஸ்தோ. முகத்தை அவள் பக்கம் திருப்பவில்லை. "நீயே பாடு. எனக்குத் தப்பும் தவறுமா வருது."

பெரிஹான் ஆட்டின் விலாவில் நெற்றியைப் புதைத்துக்கொண்டாள். வாளியில் பால்நுரை மெல்ல அடங்கிக்கொண்டிருந்தது. அவன் ஆட்டை விடவில்லை. கழுத்தைப் பிடித்தபடியே நின்றான்.