சீரியலுக்குப் போன அழுகை

ஆன்சனை ஆரணியில் மியூசிக் டைரக்டர் என்றுதான் சொல்வார்கள். ஆனால் பத்து வருஷம் சென்னையில் சீரியல்களுக்குப் பின்னணி இசை போட்டும் சினிமாக்காரர் ஒருத்தரும் அவன் பேரைக் கேட்டதில்லை. போன வருஷம்தான் ஒரே ஒரு முனகலில் அதிர்ஷ்டம் அடித்தது. அந்த முனகல் அவனுடைய அக்கா பிரிஸில்லாவுடையது.

அவள் கணவர் அற்புதராஜ் கண்ணமங்கலம் ரோட்டில் லாரி மோதி இறந்துபோனார். பெட்டியை மூடப் போகும்போது அவள் கத்தவில்லை. மூடிய வாய்க்குள்ளிருந்து, ஏறி ஏறி உடைகிற ஒரு முனகல் மட்டும் வந்தது. கூடப் பிறந்தவன் என்ன செய்யணும்? ஓடிப்போய்த் தாங்கணும். இந்தப் பாவி செல்போனில் ரெக்கார்டிங்கைத் தட்டினான். எரிகிற வீட்டில் பிடுங்கினது லாபம் என்பார்களே, அந்தப் புத்தி!

அடுத்த வாரமே தயாரிப்பாளர், "வயலின் சோகம் சலிச்சிப் போச்சிங்க, புதுசா ஏதாச்சும் குடுங்க" என்றார். ஆன்சன் அந்தக் குரலைக் கொஞ்சம் இறக்கி, எதிரொலி சேர்த்துக் கொடுத்தான். இனி யாருக்குத் தெரியப்போகிறது என்று தன்னையே ஏமாற்றிக்கொண்டான். எடிட்டருக்கு அது பிடித்துப்போனது. சீரியலில் நிச்சயதார்த்தம் நின்றாலும் அதே முனகல், அடுப்பில் பால் பொங்கி வழிந்தாலும் அதே முனகல். சினிமா வாய்ப்பும் வந்தது. ஆரணிப் பக்கம் மட்டும் அவன் தலைகாட்டவில்லை. அக்கா போன் செய்தால் வேலை, வேலை என்பான். குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்காமல் இருக்குமா?

அற்புதராஜ் மாமாவின் வருஷ நினைவு ஜெபத்துக்கு வராமல் தப்பிக்க முடியவில்லை. அக்கா வீட்டில் எல்லாரும் பாஸ்டருக்காகக் காத்திருந்த சாயங்காலம், பக்கத்து வீட்டுத் திலகவதி தறியை நிறுத்திவிட்டு ஓடி வந்தாள்.

"தம்பி வந்துகிறாரே! சீரியலைப் போடுக்கா. அவரு மியூசிக்கை அவருகூடவே உக்காந்து கேக்கணும்."

"இன்னிக்கு வேணாங்க, ஜெபம் இருக்குது" என்று ஆன்சன் ரிமோட்டைப் பிடித்துக்கொண்டான்.

"குட்றா. பாஸ்டர் வர நேரமாவும்" என்று பிரிஸில்லாவே வாங்கிப் போட்டாள்.

திரையில் ஒருத்தி புருஷன் போட்டோவுக்கு மாலை போட்டாள். முனகல் கிளம்பியது. திலகவதி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "அடியம்மா, கேக்கசொல்லவே ஒடம்பு சிலிர்க்குதே! யாருங்க தம்பி இந்தப் பொண்ணு?"

இப்போதாவது சொல்லித் தொலைத்திருக்கலாம். அவன் சொன்னது வேறு. "மெட்ராஸ்ல... ஒரு பாட்டுக்காரம்மா."

பிரிஸில்லா டிவி சத்தத்தைக் குறைத்தாள். தன் அழுகை தனக்கே தெரியாமல் போகுமா? முதல் தடவை சீரியலில் கேட்டபோதே அவளுக்குத் தெரிந்துவிட்டது. அவள் தம்பியைத் திட்டவில்லை.

"அன்னிக்கு அப்பிடி அழுதுகினு இருந்தாளே அந்தப் பொண்ணு" என்றாள் மெதுவாக, "அதுக்கப்புறம் எப்பிடி இருக்கறானு ஒரு தடவையாச்சும் போய்ப் பாத்தியாடா?"

"பாக்கலக்கா" என்றான் ஆன்சன். அதற்குமேல் அவனால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை.