டேலாவுக்கு இருபத்தைந்து புள்ளி

போன தவணையில் நான் பள்ளியிலேயே பேர் பெற்ற பெண்ணாகிவிட்டேன். எனக்கு வயது நாற்பத்து மூன்று. நீலத் தலைமுடி, குட்டைப் பாவாடை, செல்வாக்கு நூற்றுக்கு நூறு. நான் நடந்து போனால் மாணவர்கள் கைதட்டுவார்கள். இதெல்லாம் ஒரு கைபேசி விளையாட்டுக்குள். வெளியே நான் ஹோ நகரத்துக்குப் பக்கத்தில் ஒரு மேல்நிலைப் பள்ளியின் பெண்கள் விடுதிக் காப்பாளர், மிஸ் டோக்பே. வெளியே யாரும் கைதட்டுவதில்லை. நான் வருகிறேன் என்றால் செருப்புகள் ஓடுகிற சத்தம்தான் கேட்கும்.

கைபேசியும் என்னுடையதில்லை. இரண்டாம் ஆண்டு மாணவி யாய்ராவிடமிருந்து நான் பறிமுதல் செய்தது. அதில் நான் புகழ் பெற்ற வழியில், அந்தப் பெண் பத்திரமாக வைத்திருந்த ஒரு தோழியை இல்லாமல் ஆக்கிவிட்டேன். அதைச் சரிசெய்ய நான் பட்ட பாட்டைத்தான் சொல்லப்போகிறேன்.

எங்கள் பள்ளியில் கைபேசிக்குத் தடை. பிடிபட்டால் தவணை முடியும்வரை என் அலமாரியில் இருக்கும். பிள்ளைகள் ரொட்டியைக் குடைந்து உள்ளே வைப்பார்கள், பைபிள் உறைக்குள் தைத்து வைப்பார்கள். பதினோரு வருடமாக நானும் பெட்டி பெட்டியாகக் கிளறுகிறேன். அஃப்லாவோ எல்லையில்கூட இப்படிச் சோதிக்க மாட்டார்கள் என்று எனக்குக் ‘கஸ்டம்ஸ்’ என்று பேர் வைத்திருக்கிறார்கள். தெரியாத மாதிரி இருந்துவிடுவேன். உள்ளூரக் கொஞ்சம் பெருமைதான்.

யாய்ராவின் கைபேசி காரி என்கிற மரவள்ளிக்கிழங்கு மாவு டப்பாவுக்குள் பையில் சுற்றி இருந்தது. மாவைத் தட்டிவிட்டுப் பார்த்தால் பூட்டு இல்லை. ஆறு பேர் மாற்றி மாற்றி எடுக்கிற போனுக்குப் பூட்டு எதற்கு? அந்த வாரம் தலைமை ஆசிரியர் என்னைக் கூப்பிட்டு, பெற்றோர் கூட்டத்தில் ‘கைபேசியும் பெண் பிள்ளைகளின் சீரழிவும்’ என்று பேசச் சொல்லியிருந்தார். பேசுவதற்கு ஆதாரம் வேண்டாமா? ஆதாரம் திரட்டத்தான் திறந்தேன். மூன்று வாரம் இதையே எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். தினமும் சார்ஜ் போட்டதும் ஆதாரத்துக்காகத்தான்.

விளையாட்டில் ஒரு பள்ளிக்கூடம். அங்கே காலை வழிபாடு கிடையாது, புல் வெட்டும் தண்டனை கிடையாது, விடுதிக் காப்பாளர் என்ற பிறவியே கிடையாது. திரையின் மூலையில் செல்வாக்கு என்று ஓர் எண். யாய்ராவின் பெண்ணுக்கு அது ஒன்பது. நான் எனக்குத் தெரிந்த மாதிரி ஆடினேன். எல்லா வகுப்புக்கும் போனேன். கரும்பலகையைத் துடைத்தேன். நடையில் நின்று அரட்டை அடித்தவர்களிடம் ‘வகுப்புக்குப் போ’ என்ற பதிலையே தேர்ந்தெடுத்தேன். இரண்டு நாளில் எண் மூன்றுக்கு இறங்கிவிட்டது. ‘இவ வந்தாலே போர்’ என்று ஒரு பொம்மை என் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டு நகர்ந்தது. ஒரு பொம்மை சொன்னதற்கு எனக்கு நிஜமாகவே அழுகை வந்தது.

அதற்கப்புறம் ரோஷம் வந்து ஒழுங்காகக் கற்றுக்கொண்டேன். எதிரில் யார் வந்தாலும் உடுப்பைப் புகழ வேண்டும். கையில் எப்போதும் தின்பண்டம் இருக்க வேண்டும். வகுப்புக்கு மட்டும் மறந்தும் போகக்கூடாது. ஒரு வாரத்தில் நாற்பதைத் தொட்டேன். அந்தத் தைரியத்தில் அதை நிஜப் பள்ளியிலும் முயன்று பார்த்தேன். எங்கள் ஆசிரியர்களில் ஒரு கூட்டம் மாமரத்தடியில் வட்டமாக உட்கார்ந்து மதியம் சாப்பிடும். வேதியியல் அமெகாதான் அதற்குத் தலைவர். என்னை யாரும் கூப்பிட்டதில்லை. நானாகப் போய் நின்றேன்.

“அமெகா சார், உங்க சட்டை ரொம்ப நல்லா இருக்கு.”

அவர் சோற்றுப் பொட்டலத்தைக் கீழே வைத்தார். “என்ன மேடம், நான் என்ன தப்பு பண்ணேன்? நேராவே சொல்லிடுங்க.”

“தப்பெல்லாம் இல்ல. சும்மா சொன்னேன்.”

“பதினோரு வருஷத்துல நீங்க எதையும் சும்மா சொன்னதில்லையே. உடம்புக்கு முடியலையா? நர்ஸக் கூப்பிடவா?”

அறைக்குத் திரும்பி அதே வார்த்தையை விளையாட்டில் ஒரு பையனிடம் சொன்னேன். மறுபேச்சில்லாமல் மூன்று புள்ளி கொடுத்தான். இனி எந்தப் பள்ளியில் என் நேரத்தைச் செலவழிப்பது என்பதில் எனக்குக் குழப்பமே இருக்கவில்லை.

அந்தப் பள்ளியில் கண்ணாடி போட்ட ஒரு பெண் மட்டும் முதல் நாளிலிருந்தே என் பக்கத்தில் நின்றாள். பேர் டேலா. விளையாட்டில் தோழி ஒருத்தியை நாமே உருவாக்கி, அவளுக்கு ஏழு பேச்சும் ஒரு ரகசியமும் எழுதி வைக்கலாம். டேலா அவற்றை மாற்றி மாற்றிச் சொல்லுவாள். ‘சாப்டியா? எனக்கும் கொஞ்சம் வெச்சிரு.’ ‘உன் செருப்பு நாத்தம் இங்க வரைக்கும் வருது.’ ‘கணக்கு சார் இன்னிக்கும் அதே டையா?’ முதலில் எனக்குச் சிரிப்பு வந்தது. ஏழாவது பேச்சு மட்டும் நீளம். ‘நீ அந்த ஸ்கூலுக்குப் போனப்புறம்’ என்று ஆரம்பித்து இரண்டு திரைக்குப் போகும். டேலாவோடு பேசினால் புள்ளி கிடையாது என்பதால், அது வரும்போதெல்லாம் ‘அடுத்து’ என்பதை அமுக்கிவிடுவேன்.

எழுபத்து நான்கில் எண் நின்றுவிட்டது. மேலே போக வேண்டுமானால் ரினா என்ற பெண்ணின் மேசையில் இடம் பிடிக்க வேண்டும். பள்ளியையே ஆட்டிவைப்பவள் அவள். ஒரு நாள் அவளே என்னிடம் வந்து, ‘உன்கூடவே ஒட்டிக்கிட்டு இருக்காளே கண்ணாடி, அவ ரகசியம் என்ன? சொன்னா எங்க மேசைக்கு வரலாம்’ என்றாள். ‘சொல்’ என்பதற்குப் பக்கத்தில் இருபத்தைந்து என்று போட்டிருந்தது. எழுபத்து நான்கும் இருபத்தைந்தும் தொண்ணூற்று ஒன்பது. கூட்டி முடிப்பதற்கு முன்பே என் விரல் அமுக்கிவிட்டது. ‘டேலாவுக்கு இடது காலில் ஆறு விரல்’ என்று திரையில் வந்தது. மேசையே விழுந்து விழுந்து சிரித்தது. நானும் சிரித்தேன். டேலா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். ‘டேலா வேறு பள்ளிக்குப் போய்விட்டாள்’ என்று ஒரு வரி ஓடியது. மறுநாள் மாலை நூறு வந்தது, வாணவேடிக்கை வெடித்தது. கையில் பாதி கெங்கே சோள உருண்டையும் பொரித்த மீனுமாக நான் எழுந்தே நின்றுவிட்டேன். யாரிடமாவது சொல்ல வேண்டும் போலிருந்தது. சொல்ல ஆளில்லை.

அடுத்து வந்த ஞாயிற்றுக்கிழமை, தேவாலயத்திலிருந்து திரும்பிய வெள்ளை உடையோடு யாய்ரா என் வாசலில் நின்றாள்.

“போனா? தவணை முடிஞ்சாதான்.”

“தெரியும் மேடம். போன் வேணாம். அதுல ஒரு கேம் இருக்கு. ஒரே ஒரு தடவ தொறந்து, டேலான்னு ஒரு பொண்ணு நிப்பா, அவகிட்ட ஹலோ சொல்லிட்டு மூடிடுங்க.”

“எதுக்கு?”

“முப்பது நாள் பேசலன்னா அவ போயிடுவா. நாளையோட முப்பது.” பிறகு அவசரமாகச் சொன்னாள்: “டேலா நெஜமான பொண்ணு மேடம். ரெண்டு பேரும் இந்த ஸ்கூலதான் முதல்ல எழுதிக் குடுத்தோம். சீட்டு ஒதுக்குற கம்ப்யூட்டர் என்னை இங்க போட்டுச்சு, அவளத் தூக்கி போல்கடாங்கால போட்டுருச்சு. ஒரு நாள் முழுக்க பஸ். லீவுக்குக்கூட வர முடியல, அங்கயே சித்தி வீட்ல இருக்கா. போனும் கெடையாது. கெளம்புறதுக்கு முன்னாடி என் போன வாங்கி, அந்தப் பேச்செல்லாம் அவளே உக்காந்து எழுதினா.”

“சரி, பாக்கறேன்” என்றேன்.

“கடவுள் உங்கள ஆசீர்வதிக்கட்டும் மேடம்” என்று முழங்கால் மடக்கி வணங்கிவிட்டுப் போனாள்.

கதவைச் சாத்திவிட்டு விளையாட்டைத் திறந்தேன். போனவளைத் திரும்பக் கூப்பிட வழியில்லை. புதிதாக ஒருத்தியைச் செய்தேன். அதே கண்ணாடி, அதே பேர். தினமும் கேட்டதால் ஆறு பேச்சு மனப்பாடமாக இருந்தது. எழுதினேன். ஏழாவதில் ‘நீ அந்த ஸ்கூலுக்குப் போனப்புறம்’ வரைக்கும் வந்து நின்றுவிட்டேன். நானாக இட்டு நிரப்பிப் பார்த்தேன். ‘நன்றாகப் படி, பெரியவர்களுக்குக் கீழ்ப்படி’ என்று வந்தது. எந்தத் தோழியாவது இப்படிப் பேசுவாளா? அழித்தேன். எனக்குத் தோழிகள் இருந்திருந்தால் ஒருவேளை நன்றாக எழுதியிருப்பேன்.

அடுத்த மூன்று நாளும் சாப்பாட்டுக் கூடத்தில் என்னைக் கடக்கும்போது யாய்ரா மெதுவாகக் கேட்டாள். “டேலா எப்படி இருக்கா மேடம்?” “நல்லா இருக்கா” என்று மூன்று நாளும் சொன்னேன். உண்மையைச் சொன்னால் அன்றிரவே விடுதி முழுக்கப் பரவும், அதோடு என் பதினோரு வருடக் கண்டிப்பு முடிந்தது என்று தெரியும். பயம் என்பதைத் தவிர என்னிடம் பிள்ளைகளுக்குக் கொடுக்க வேறெதுவும் இருக்கவில்லை. நான்காம் நாள் அவளை அறைக்குக் கூப்பிட்டேன்.

“உன் போன்ல நான் விளையாடினேன்.”

“ஹலோ சொன்னீங்களே, அதா மேடம்?”

“மூணு வாரமா.”

அவள் என்னைப் பார்த்தாள். “எவ்வளவு மேடம் இப்ப?”

“நூறு.”

“நூறா?” அவள் முகத்தில் மரியாதை வந்தது. ஒரு மாணவி என்னை அப்படிப் பார்த்தது அதுதான் முதல் தடவை. உடனே அது போய்விட்டது. “ரினா மேசைல உக்காராம நூறு வராதே.”

நான் அலமாரிச் சாவியை மேசையில் நகர்த்தி வைத்தேன்.

“ஆறு விரலச் சொன்னீங்களா?”

“அது நெஜமா?”

“எனக்கு மட்டும்தான் மேடம் தெரியும்.”

புது டேலாவைக் காட்டினேன். யாய்ரா ஒவ்வொரு பேச்சாகத் தள்ளிப் பார்த்தாள். ஆறோடு நின்றது. “ஏழாவது?”

“அத நான் படிக்கவே இல்ல. புள்ளி கெடையாதுன்னு தள்ளிட்டேன்.”

அவள் அழ ஆரம்பித்தாள். “நானும் முழுசா படிச்சதில்ல மேடம். படிச்சா அவ நெஜமாவே போயிட்டான்னு ஆயிடும். அப்புறமா படிக்கலாம்னு வெச்சிருந்தேன்.”

அதைக் கேட்டதும் என்னால் உட்கார முடியவில்லை. அலுவலகத்தில் போல்கடாங்கா பள்ளியின் எண்ணை வாங்கி, அங்கிருந்து அவர்கள் விடுதிக் காப்பாளரின் எண்ணை வாங்கி, என் போனிலேயே அடித்தேன். மேடம் ரஹீனாத்து எடுத்தார்.

“மாணவிகளுக்குப் போன் கெடையாது மேடம். விதி. யாராவது செத்துட்டாங்களா?”

“இல்ல.”

“அப்ப எதுக்கு?”

அந்தக் குரலை எனக்கு நன்றாகத் தெரியும். நானும் அப்படித்தான் பேசுவேன். அதன் முன்னால் எந்தச் சாக்கும் செல்லாது என்பதும் எனக்குத் தெரியும். ஆகவே யாய்ராவை எதிரில் வைத்துக்கொண்டே முழுவதையும் சொன்னேன். நீலத் தலைமுடி, குட்டைப் பாவாடை, இருபத்தைந்து புள்ளி எல்லாம்.

ரஹீனாத்து கேட்டார்: “மேடம், நீங்க காப்பாளர்தானே?”

“ஆமா.”

“எத்தன வருஷமா?”

“பதினொண்ணு.”

பெருமூச்சு கேட்டது. “அஞ்சு நிமிஷம். அதுவும் நீங்க சொல்றதக் கேட்டா பாவமா இருக்கு.”

டேலா வந்ததும் யாய்ரா போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். “ஏழாவதுல என்னடி எழுதின? ... லூசு, எப்படி மறந்த? ... அழல, நீதான் அழற. ... விரலா? அத என்கிட்ட கேக்காத. இவங்ககிட்ட கேளு.” போன் என் கைக்கு வந்தது.

“எத்தன பேர்கிட்ட சொன்னீங்க மேடம்?” கரகரப்பான சின்னக் குரல். நான் நினைத்திருந்த மாதிரியே இல்லை.

“பொம்மைங்ககிட்டதான்.”

“சிரிச்சாங்களா?”

“சிரிச்சாங்க.”

“நீங்க?”

“நானும் சிரிச்சேன். தப்பு டேலா. மன்னிச்சிரு.”

ஒரு மாணவியிடம் நான் மன்னிப்புக் கேட்டது அதற்கு முன் இல்லை. டேலா, “அவகிட்ட குடுங்க” என்றாள். மீதி நேரம் முழுக்க அவர்கள் பேசினார்கள். நான் சன்னலைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

போனைத் திருப்பிக் கொடுக்கும்போது யாய்ரா சொன்னாள்: “அவளுக்கு ஞாபகம் இல்லையாம். யோசிச்சு லெட்டர்ல எழுதறேன்னா.” வாசல் வரை போய் நின்றாள். “வர்ற லெட்டரெல்லாம் நீங்க பிரிச்சுப் படிச்சுட்டுத்தானே மேடம் குடுப்பீங்க.”

விதி அதுதான். “இதப் படிக்க மாட்டேன்” என்றேன்.

“சரி மேடம்” என்றாள். நம்பின மாதிரி இல்லை.

நடுவில் பெற்றோர் கூட்டம் நடந்தது. கைபேசி மனிதரை எவ்வளவு கீழே இறக்கும் என்று இருபது நிமிடம் பேசினேன். அமெகா வந்து, “நேர்ல பாத்த மாதிரி பேசினீங்க மேடம்” என்று பாராட்டினார். விடுதியில் யாய்ரா யாரிடமும் எதையும் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை என்று நான் கேட்கவில்லை.

கடிதம் மூன்றாவது வாரம் வந்தது. பருமனான உறை. மதியம் முழுவதும் என் மேசையில் கிடந்தது. ஒரு தடவை தூக்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஒன்றும் தெரியவில்லை. இனி இதை அறையில் வைத்திருந்தால் என்னை நம்ப முடியாது என்று நானே விடுதிக்கு நடந்தேன். யாய்ரா கொடியில் துணி எடுத்துக்கொண்டிருந்தாள். துணியைத் தோளில் போட்டுக்கொண்டு வலது கையால் வாங்கி நன்றி சொன்னாள். பிறகு என் எதிரிலேயே உறையைத் திருப்பி, ஒட்டிய இடத்தை விரலால் ஓரத்திலிருந்து மெல்லத் தடவிப் பார்த்தாள். மறு ஓரம் வரைக்கும் அவள் பார்த்து முடிக்கட்டும் என்று நான் அங்கேயே நின்றேன்.