லூர்துமேரிக்கு வந்த காமாலை

தென்பெண்ணைக் கழனிகளில் எழுந்த பனி இன்னும் முற்றும் விலகாத ஒரு மார்கழித் திங்கட்கிழமைக் காலையில், நாற்றிசைத் தொடர்வண்டிகளும் வந்து கூடிப் பிரியும் விழுப்புரம் நகரம், கரும்பு ஏற்றிய இழுவை வண்டிகளின் இரைச்சலாலும், தேநீர்க் கடைகளின் ஆவியாலும், காணையிலிருந்தும் திருவெண்ணெய்நல்லூரிலிருந்தும் பேருந்தேறி வந்த மக்களின் நெரிசலாலும் நிறைந்து, குறை கேட்கும் நாளுக்கு ஆயத்தமாகிக்கொண்டிருந்தது. ஆட்சியர் அலுவலகக் கூடத்தில் அன்று அமைச்சர் விருத்தாசலனாரே நேரில் அமர்ந்து முறையீடுகளைப் பெறுவார் என்று அறிவித்திருந்தார்கள். கற்றறிந்த வாசகரே, அவர் பெருமையைப் பாட வந்தவன் அல்லன் நான். அவர் நாணித் தலைகுனிய வேண்டிய ஒரு செய்தியைச் சொல்ல வந்தவன். ஊர் காண அவர் குனியவில்லை ஆதலால், எழுதுகிற நானாவது குனிந்துகொள்கிறேன்.

காணையில் உழவர் குடியிற் பிறந்து, சட்டம் பயின்று, திண்டிவனத்து நீதிமன்றத்தில் இருபது ஆண்டு கறுப்பு மேலங்கி அணிந்து நின்றவர் அவர். அவரை ஊரறியச் செய்தது ஒரே வழக்கு. திண்டிவனத்தை அடுத்த பனங்காட்டு மேட்டில், நிலமற்ற கூலி மக்கள் பதினெட்டு வீடு கட்டி மூன்று தலைமுறையாய் வாழ்ந்த இடத்தை, மனை பிரித்து விற்கும் செல்வன் ஒருவன் தன்னுடையது என்று உரிமை கோரி வந்தபோது, விருத்தாசலனார் அம்மக்களுக்காக வழக்குத் தொடுத்து, வீடுகளை இடிக்கலாகாது என்று இடைக்காலத் தடையாணை பெற்றுத் தந்தார். அடுத்த விசாரணை வரைக்குமே அவ்வாணை செல்லும் என்பதை அறியாத மக்கள், அதுவே முடிந்த தீர்ப்பென்று எண்ணி, பறை முழங்க அவரைத் தோளில் தூக்கினர். இல்லை, இது பாதி வழிதான் என்று சொல்லத் தோள்மேல் இருந்தவருக்கு நா எழவில்லை. பிறகு 'பதினெட்டு வீடுகளைக் காத்த பெருமகன்' என்று சுவரெல்லாம் எழுதப்பட்டது. அவ்வெழுத்தே அவருக்குத் தேர்தலில் நிற்கும் வாய்ப்பையும் வாங்கித் தந்தது.

வேட்புமனு அளிக்க அவர் ஊர்வலம் போன நாளும், அவ்வழக்கின் விசாரணை நாளும் ஒன்றாய் அமைந்தன. அவர் அலுவலகத்தில் உடன் பணியாற்றிய வழக்குரைஞர் தமிழ்மணி உட்பட எல்லாரும் அறையைப் பூட்டிக்கொண்டு ஊர்வலத்திற்குப் போய்விட்டார்கள். நீதிமன்றத்தில் மூன்று முறை கூவி அழைத்தும் மறுமொழி இல்லாமற் போகவே, வழக்கு தள்ளுபடி ஆயிற்று. தடையாணையும் அதனோடு மாண்டது. அன்று மாலை தமிழ்மணி செய்தி சொன்னபோது, தேர்தல் முடியட்டும் என்றார் விருத்தாசலனார். தேர்தல் முடிந்தது, பதவி வந்தது, நான்காண்டும் கழிந்தன. மறந்துவிட்டார் என்று நான் எழுதினால் அது பொய். நினைவு வந்தபோதெல்லாம் அவர் வேறொரு வேலையைத் தேடிக்கொண்டார்.

அத்திங்கட்கிழமை வரிசையில், ஐம்பது கடந்த கூலிப் பெண்ணொருத்தி, கண்ணாடிச் சட்டம் இட்ட படம் ஒன்றை முந்தானையால் மூடி மார்போடு அணைத்தபடி வந்து நின்றாள். அவள்தான் லூர்துமேரி, அவ்வழக்கில் முதலாவதாகக் கையொப்பம் இட்டவள். முந்தானையை விலக்கினாள். உள்ளே இருந்தது அந்தத் தடையாணை. வேளாங்கண்ணி மாதா படத்தின் பக்கத்தில் மாட்டி வெள்ளிதோறும் மெழுகுவத்தி ஏற்றியதால், அதன் கீழ் விளிம்பு புகையேறிக் கறுத்திருந்தது.

"இத்தினி வருசமா சும்மா இருந்த மனைக்காரன் ஆளுங்க, வூட்ட இடிக்க மண்ணு வார்ற வண்டிய கொண்டாந்து நிறுத்திக்கினு இருக்கானுங்க ஐயா. இத்த எடுத்தாந்து காமிச்சேன். செத்துப்போன காயிதம்னு சிரிக்கிறானுங்க. நீங்க வாங்கிக் குடுத்த தீர்ப்புன்னு ஒரு வார்த்த சொல்லுங்க, போயிடுவானுங்க" என்றாள்.

பக்கத்திலிருந்த அலுவலர் கணினியைத் தட்டிப் பார்த்து, வழக்குரைஞர் வராமையால் வழக்கு நான்காண்டுக்கு முன்பே தள்ளுபடி ஆகிவிட்டது என்று தாழ்ந்த குரலில் சொன்னார். லூர்துமேரிக்கு அது விளங்கவில்லை.

"எங்க வக்கீலு நீங்கதானேங்க. அப்ப அன்னைக்கு வராதவரு யாருங்க?"

சூதின்றிக் கேட்ட கேள்வி அது. அமைச்சர் மேசைமேலிருந்த நீரை எடுத்துக் குடித்தார். மாலையில் திண்டிவனம் அலுவலகத்துக்கு வருமாறு அவளிடம் சொல்லி, அடுத்தவரை அழைத்தார்.

மாண்ட வழக்கை மீட்க வேண்டுமானால், அன்று வராமற் போனதற்கும் இத்தனை நாள் தாழ்த்தியதற்கும் காரணம் எழுதி, மெய்யென்று ஆணையிட்டுக் கையொப்பம் இட வேண்டும். நம் நாட்டு நீதிமன்றங்களில் இதற்கென ஒரு நோய் உண்டு. அதுதான் மஞ்சட் காமாலை. வழக்கைத் தவறவிட்டவர் எவரானாலும் அவரைக் காமாலையிற் படுக்கவைத்து எழுதுவது வழக்குரைஞர்களின் நெடுநாள் பழக்கம். கேட்பவரும் சொல்பவரும் அது பொய்யென அறிவர். ஆயினும் தாளில் நோய் தவறாமல் வந்துவிடும்.

அன்று மாலை திண்டிவனம் அலுவலகத்தில், லூர்துமேரி எதிரே நிற்க, தமிழ்மணி இரண்டு தாள்களை மேசைமேல் வைத்தார். ஒன்று, ஊர்வலம் போனதால் நானே வரவில்லை, இம்மக்கள்மீது குற்றமில்லை என்று விருத்தாசலனார் ஒப்புக்கொள்ள வேண்டியது. மற்றொன்று, லூர்துமேரி காமாலையிற் கிடந்து வழக்கைக் கவனியாது விட்டாள் என்று அவள் ஒப்புக்கொள்ள வேண்டியது. முதல் தாளைக் கொடுத்தால் நீதிபதி மறுக்கமாட்டார், இரண்டாவதை நம்பினால் உண்டு, நம்பாவிட்டால் பதினெட்டு வீடும் போகும் என்று தமிழ்மணி ஒளிக்காமற் சொன்னார். விருத்தாசலனார் முதல் தாளை எடுத்துப் படித்துத் திரும்ப வைத்தார். பின்பு இரண்டாந் தாளை அவள் பக்கம் தள்ளினார்.

தமிழ்மணி படித்துக்காட்டினார். "எனக்குக் காமாலையே வந்ததில்லீங்களே" என்றாள் அவள். பிறகு தாளிலிருந்த நாளை மறுபடியும் சொல்லச் சொல்லிக் கேட்டாள். கேட்டதும் அவள் முகம் மாறியது.

"அந்த நாளா? அன்னைக்குத்தான் நீங்க மாலை போட்டுக்கினு ஊர்கோலம் போனீங்க. நாங்க பதினெட்டு வூடும் வேலைக்குப் போவாம பின்னாலயே வந்தோமே. நான் கொடி புடிச்சிக்கினு வந்தேனே ஐயா."

தன் வீட்டின் வழக்கு நீதிமன்றத்தில் மூன்று முறை கூவி அழைக்கப்பட்ட வேளையில், அவ்வீட்டுக்காரி தெருவில் அவருக்கு வாழ்த்தொலி எழுப்பி நடந்திருக்கிறாள். விருத்தாசலனாரின் முகம் காது மடல் வரை வெந்தது. முதல் தாள் கைக்கெட்டும் தொலைவில்தான் கிடந்தது.

அவள் அவரைப் பார்த்தாள். அந்தப் பார்வையில் சினம் இருந்திருந்தால் அவருக்கு எளிதாய் இருந்திருக்கும். "உங்க பேரு கெட வேணாம். எங்க வூடும் நிக்கணும். மாதா கேட்டா நான் பதில் சொல்லிக்கிறேன், குடுங்க" என்று கை நீட்டினாள்.

வேண்டாம் தாயே என்று அவர் சொன்னார் என எழுத எனக்கு ஆசைதான். அவரோ தம் சட்டைப் பையிலிருந்த எழுதுகோலை எடுத்து, மூடியையும் தாமே கழற்றி, அவள் கையில் கொடுத்தார்.

நீதிபதி தாளைப் படித்துவிட்டு, லூர்துமேரியை அழைத்து, இப்போது உடம்பு எப்படி என்று கேட்டாராம். "கொணமாயிடுச்சுங்க" என்றாளாம் அவள். வழக்கு மீண்டது, தடையாணையும் மீண்டது. பனங்காட்டு மேட்டார் பறையோடு வந்து அமைச்சருக்கு மறுபடியும் மாலை இட்டார்கள். அக்கூட்டத்தில் லூர்துமேரி இல்லை. அவள் நோயை நீதிமன்றத்தில் கேட்டறிந்த அண்டை வீட்டார், இத்தனை நாள் சொல்லாமல் மறைத்தாயே என்று கடிந்துகொண்டு, கீழாநெல்லி அரைத்து மோரில் கலக்கி நாள்தோறும் தந்தனர் என்றும், அக்கசப்பை அவள் மறுமொழி இன்றிக் குடித்துவந்தாள் என்றும் தமிழ்மணி வந்து சொன்னபோது, விருத்தாசலனார் கழுத்து மாலையைக் கழற்றவும் தோன்றாமல் அமர்ந்திருந்தார்.

வாசகரே, இல்லாத நோய்க்கு அவளுக்கு ஊரே மருந்து அரைத்துத் தந்தது. உள்ள நோய்க்கு அவருக்கு மருந்து தர ஒருவருமிலர்; ஊராரில் அந்நோயை அறிந்தவள் ஒருத்தியே, அவளும் அதை யாரிடமும் சொல்லமாட்டாள்.