படையல் அறையில் கேமரா

என் தம்பி கியூஜின் நிஜத்தைப் படமெடுக்கிறானாம். ஏதோ ஒரு விழாவில் அவன் குறும்படத்துக்குப் பரிசு கொடுத்ததிலிருந்து தலைகால் புரியவில்லை. அந்தப் படத்தில் ஒருத்தி முள்ளங்கி நறுக்குகிறாள், அழுகிறாள், மறுபடியும் நறுக்குகிறாள். ஒழுங்காக முள்ளங்கி நறுக்கத் தெரிந்தவளையாவது நடிக்க வைத்திருக்கலாம்.

அம்மாவின் முதல் வருடத் திதிக்கு, கொரியக் கடலோரத்தில் இருக்கும் எங்கள் குன்சானுக்கு வந்தான். அவள் படுக்கையில் கிடந்தபோது எட்டிப் பார்க்காதவன், இப்போது கேமராக்காரனையும் ஒலிப்பதிவுக்கு ஒரு பெண்ணையும் கூட்டிக்கொண்டு வந்து இறங்கினான். அவனுடைய முதல் முழுநீளப் படத்துக்கு எங்கள் வீட்டுத் திதிதான் உச்சக்கட்டமாம்.

அப்பாவுக்கு ஒரே கவலைதான். அம்மா வயிறாரச் சாப்பிட்டுப் போக வேண்டும். கடைசி மாதங்களில் அவளுக்குக் குழாய் வழியே கஞ்சிதான் இறங்கியது. அதனால் அப்பாவே துறைமுகச் சந்தைக்குப் போய் நல்ல மீனாகப் பொறுக்கி வாங்கி வந்தார்.

மாலையில் படையல் வைத்து, அப்பா விழுந்து கும்பிட்டார்.

"அப்பா, இன்னொரு வாட்டி கும்பிடுங்கப்பா. வெளிச்சம் சரியில்ல."

பாவம், மூட்டுவலியோடு மறுபடியும் குனிந்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"டேய், இது என்ன நாடக ஒத்திகையா?"

"சும்மா இரு அக்கா. உன் குரலும் பதிவாகுது."

சோற்றில் கரண்டியைக் குத்தி வைத்தோம். இனி அம்மா சாப்பிடும் நேரம். எல்லோரும் வெளியேறிக் கதவைச் சாத்தி, அவள் சாப்பிட்டு முடித்ததும் செருமிவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். கூட வந்த இரண்டு பேரும் தாமாகவே வெளியே வந்துவிட்டார்கள். பெற்ற பிள்ளை மட்டும் கேமராவின் பின்னால் நின்றான்.

"நான் உள்ளயே இருக்கேன்பா. ஆளில்லாத அறை, தனியா ஒரு படையல். படமே அதுதான்."

"நீ வெளிய வந்தாத்தான்டா அவ சாப்பிடுவா."

"பெத்த புள்ள முன்னாடி சாப்பிட என்னப்பா வெக்கம்?" என்று சொல்லி உள்ளிருந்தே கதவைச் சாத்திக்கொண்டான். மனித மனத்தை நுணுக்கமாகக் காட்டுபவன் என்று பத்திரிகையில் எழுதியது இவனைத்தான்.

அப்பா கதவையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"உங்கம்மா யார் முன்னாடியும் உக்காந்து சாப்பிட்டதில்லம்மா. எல்லாருக்கும் போட்டுட்டு, அடுப்படியில தனியா நின்னுதான் சாப்பிடுவா. இவனுக்கு அதுகூடத் தெரியல பாரு."

பிறகு அடுப்படிக்குப் போனார். பானையிலிருந்து சூடாகச் சோறு போட்டார். மிச்சமிருந்த மீனில் முள் எடுத்துப் பக்கத்தில் வைத்தார். கரண்டியைக் குத்தினார். அடுப்படிக் கதவை மெல்லச் சாத்தினார். நாங்கள் இருவரும் அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு தரையில் உட்கார்ந்தோம்.

உள்ளறையிலிருந்து தம்பி கத்தினான்: "இப்ப செருமிட்டு உள்ள வாங்கப்பா!"

"சத்தம் போடாதடா. உங்கம்மா சாப்பிடுறா."

"அருமைப்பா! இதே வசனத்த இன்னொரு வாட்டி சொல்லுங்க!"

அப்பா அடுப்படிக் கதவில் முதுகைச் சாய்த்துக்கொண்டார்.

படம் வெளிவந்துவிட்டது. அந்த அறையில் ஒரு தாய் வந்து அமர்ந்திருப்பதை உணர முடிகிறது என்று விமர்சகர்கள் உருகி உருகி எழுதுகிறார்கள். நானும் போய்ப் பார்த்தேன். ஆறிப்போன சோற்றை அவ்வளவு நேரம் காட்டியிருக்கிறான்.