கடை சாத்துற பாட்டு

எனாமோதோ குனிஹிகோவுக்குத் தன்னைப் பற்றி எந்த மயக்கமும் கிடையாது. நாற்பத்தைந்து வருடமாகப் பியானோ வாசிக்கிறார், சொந்தமாக மெட்டும் போடுகிறார். அதை யாரும் உட்கார்ந்து கேட்டதில்லை. லிஃப்டில் நின்றபடி கேட்டிருக்கிறார்கள். ஓட்டல் கூடத்தில் அறைச் சாவிக்குக் காத்தபடி கேட்டிருக்கிறார்கள். பல் டாக்டரிடம் படுத்தபடி கேட்டவர்கள்தான் அதிகம். ஒருமுறை கடைவாய்ப்பல்லைக் காட்ட அவரே போயிருந்தபோதும் அவருடைய இசைதான் ஓடிக்கொண்டிருந்தது.

"பயப்படாதீங்க. இந்த ஆளோட பியானோவைப் போட்டாலே பாதிப் பேருக்கு ஊசி வேண்டாம், தானா மரத்துப் போயிடும்," என்றார் டாக்டர்.

வாயில் குழாய் இருந்ததால் குனிஹிகோவால் நன்றி சொல்ல முடியவில்லை.

இதுவரை பதினோரு இசைத்தட்டுகள். எல்லா அட்டையிலும் வெள்ளைக் கோட்டு, ஒரு ஏரிக்கரை, எங்கோ தூரத்தில் ஒரு பார்வை. எந்த ஏரி என்று கேட்டால் அவருக்கே தெரியாது. நெடுஞ்சாலையில் வண்டிகள் நிற்கும் இடங்களில், கழுத்துத் தலையணைக்கும் கடற்பாசிப் பொட்டலத்துக்கும் நடுவே அவற்றைத் தொங்கவிட்டிருப்பார்கள்.

ஆனால் தொயாமா ஊரில் அவருடைய ஒரு மெட்டைத் தெரியாத ஆள் கிடையாது. 'மழை விட்ட ஆற்றங்கரை' என்று ஆசை ஆசையாகப் பெயர் வைத்தார். அந்தப் பெயர் ஒருவருக்கும் தெரியாது. ஊரெல்லாம் கிளை பரப்பியிருந்த ஒரு சூப்பர் மார்க்கெட், முப்பது வருடமாகத் தினமும் கடை மூடும்போது அதைத்தான் போட்டது. முதல் நாலு சுரம் கேட்டாலே ஊர்க்காரர்களின் கை பையைத் தேடும், கால் வாசலைப் பார்க்கும்.

விவரம் தெரியாமல் ஒரு கல்யாண விருந்தில் அதை வாசித்துத் தொலைத்தார். கேக் வெட்டுவதற்கு முன்பே விருந்தாளிகள் பரிசுப் பைகளோடு குனிந்து வணங்கிக் கிளம்பிவிட்டார்கள். இன்னொரு முறை, ரசிகர்கள் கலைய மறுக்கிறார்கள், கடைசியில் வந்து இரண்டு நிமிடம் வாசிக்க முடியுமா என்று ஒரு பாடகரின் மேனேஜர் கூப்பிட்டார். குனிஹிகோ வெட்கமில்லாமல் போய் வாசித்தார். அவர் தொழில் வாழ்க்கையிலேயே முழு வெற்றி என்று சொன்னால் அதுதான். அரங்கம் ஐந்து நிமிடத்தில் காலி.

அதன் பிறகு இருபது வருடம் அந்த மெட்டை அவர் மேடையில் தொடவில்லை. அது அவருக்கு வலிக்கத்தான் செய்தது. அந்த மெட்டின் கடைசிப் பகுதியில், வலது கை ஓய்ந்து இடது கை பாட ஆரம்பிக்கும். தன் வாழ்க்கையில் உருப்படியாகச் செய்த ஒரே காரியம் அந்த ஒன்றரை நிமிடம்தான் என்று அவர் நினைத்தார். அதற்குள் கடையில் ஷட்டர் இறங்கியிருக்கும். ஆக, அதை உலகத்தில் ஒருவரும் கேட்டதில்லை.

இப்போது ஓய்வு பெறப்போகிறார். நகர மன்றத்தில் மதியம் இரண்டு மணிக்குக் கடைசிக் கச்சேரி. அந்த ஒன்றரை நிமிடத்தை நாலு பேர் உட்கார்ந்து கேட்டுவிட்டால் போதும் அவருக்கு.

"அதை முதல்லயே வாசிச்சிடப் போறேன்," என்றார் மனைவி சயோகோவிடம். "வந்து உட்கார்ந்த உடனே யாராவது கிளம்புவாங்களா?"

சயோகோ கமலா ஆரஞ்சை உரித்துக்கொண்டிருந்தாள். "நீங்க வாசிச்சா கிளம்புவாங்க."

"நீயாவது இருப்பியா?"

"வேற வழி? வீட்டுச் சாவி உங்ககிட்டல்ல இருக்கு."

கச்சேரி அன்று முந்நூறு இருக்கையில் இருநூறுக்கு மேல் நிரம்பியிருந்தது. குனிஹிகோ வணங்கினார், உட்கார்ந்தார், ஆரம்பித்தார். முதல் நிமிடம் ஒன்றும் ஆகவில்லை. அவருக்கு நம்பிக்கையே வந்துவிட்டது. இரண்டாவது நிமிடத்தில் முன்வரிசை அம்மா ஒருத்தி இருக்கைக்கு அடியில் பையைத் துழாவினாள். பக்கத்தில் ஒருவர் கோட்டை மாட்டினார். பிறகு வரிசை வரிசையாக எழுந்தார்கள். யாருக்கும் கெட்ட எண்ணம் இல்லை. மேடையைப் பார்த்து மரியாதையாகத் தலை குனிந்துவிட்டுத்தான் போனார்கள். வெளிக்கூடத்தில் நின்று, "நாம எதுக்கு எழுந்து வந்தோம்?" என்று ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டார்கள்.

நிறுத்திவிடலாமா என்று நினைத்தார். நிறுத்தினால் இனி அந்தக் கடைசிப் பகுதி அவரோடு சேர்ந்து சுடுகாட்டுக்குத்தான் போகும். கண்ணை ஓரமாக ஓட்டினார். சயோகோ இருந்தாள். நடு வரிசையில் ஐந்து பெண்கள், எல்லோருக்கும் அறுபதுக்கு மேல், அசையாமல் உட்கார்ந்திருந்தார்கள். காது மந்தமோ என்னவோ என்று எண்ணிக்கொண்டே தொடர்ந்தார்.

வலது கை ஓய்ந்தது. இடது கை பாட ஆரம்பித்தது.

அந்த ஐந்து பேரின் கைகளும் ஒரே நேரத்தில் முதுகுக்குப் பின்னால் போயின. இடுப்பில் இல்லாத ஏதோ ஒரு முடிச்சை அவிழ்த்தன. பார்த்த குனிஹிகோவுக்கு ஒரு சுரம் தப்பியது. பதறிப்போய் மீதியை வேகமாக ஓட்டி முடித்தார்.

கைதட்டல் வந்தது. ஆறு பேரின் கைதட்டல். நடுவில் இருந்தவள் எழுந்து வணங்கினாள்.

"மாஸ்டர், என் பேரு தொமியே. அந்தக் கடையில மீன் பகுதியில இருபத்தாறு வருஷம் இருந்தேன். இவங்களும் அங்க வேலை பார்த்தவங்கதான்."

"நீங்க ஏன் கிளம்பலை?" என்று குனிஹிகோ கேட்டேவிட்டார்.

"அது வாங்க வந்தவங்க கிளம்புற பாட்டு மாஸ்டர். நாங்க எங்க கிளம்புறது? வாசல்ல நின்னு எல்லாரையும் கும்பிட்டு அனுப்பணும், ஷட்டரை இறக்கணும். அதுக்கப்புறமும் டேப் ஓடிக்கிட்டேதான் இருக்கும். இடது கை பாடுற இடம் வருமில்ல? அங்கதான் இடுப்புல கட்டின ஏப்ரனை அவிழ்ப்போம்."

"காலையிலேர்ந்து அப்பத்தான் உட்காருவோம்," என்றாள் பக்கத்திலிருந்தவள். "கவிழ்த்துப் போட்ட மீன் பெட்டி மேல. பாட்டு முடியற வரைக்கும் மேலாளர்கூட எங்களைக் கூப்பிட மாட்டாரு."

ஒருவரும் கேட்டதில்லை என்று குனிஹிகோ புலம்பிக்கொண்டிருந்ததை, இவர்கள் வருடக்கணக்கில், தினமும், உட்கார்ந்து கேட்டிருக்கிறார்கள். அழுகை வந்தது. வெள்ளைக் கோட்டு போட்ட கிழவன் மேடையில் அழுதால் நன்றாக இருக்காது என்று அடக்கிக்கொண்டார்.

"ஆனா ஒண்ணு மாஸ்டர்," என்றாள் தொமியே. "இன்னிக்கு அந்த இடத்துல ஓடிட்டீங்க. முடிச்சு அவிழறதுக்குள்ள பாட்டு முடிஞ்சிருச்சு."

"மன்னிச்சுக்குங்க," என்று குனிஹிகோ எழுந்து நன்றாகக் குனிந்து வணங்கினார். "திரும்ப வாசிக்கிறேன்."

வெளிக்கூடத்துக் கூட்டம் கதவைத் திறந்து எட்டிப் பார்த்தது. "ஆரம்பிச்சுட்டாங்களா?" என்று ஒருவர் சயோகோவிடம் கேட்டார்.

"இல்லைங்க, இப்பத்தான் ஷட்டரை இறக்கினாங்க," என்றாள் சயோகோ. "உள்ள வந்து உட்காருங்க. மிச்சத்தை நீங்க கேட்டதில்லை."

குனிஹிகோ இடது கையை மட்டும் கட்டைகளில் வைத்தார். ஐந்து பேரின் கைகளும் முதுகுக்குப் பின்னால் போயின. தொமியேவுக்கு விரல்கள் கொஞ்சம் மடங்காது போலிருக்கிறது, அவள்தான் கடைசி. அவள் முடிச்சு அவிழும்வரை அவர் அடுத்த சுரத்துக்குப் போகவில்லை.